கண் போன பிறகும் செடி பார்த்தவர்

1670-ம் ஆண்டு. இன்றைய இந்தோனேசியாவின் கிழக்கே இருக்கும் அம்போன் தீவு. அங்கே டச்சு கிழக்கிந்திய கம்பெனியில் வேலை பார்த்த ஓர் அதிகாரிக்குப் பார்வை மங்க ஆரம்பித்தது. சில மாதங்களில் இரண்டு கண்களும் முழுவதுமாக இருண்டுவிட்டன. அப்போது அவருக்கு வயது நாற்பதைச் சற்றே தாண்டியிருந்தது.

வேறு யாராக இருந்தாலும் அதோடு மூட்டை கட்டிக்கொண்டு ஊர் திரும்பியிருப்பார்கள். இவருக்கோ பாதி எழுதிய புத்தகம் ஒன்று கையில் இருந்தது. அதுவும் செடி, கொடி, மரங்களைப் பற்றிய புத்தகம். கண் இல்லாமல் எப்படி முடிப்பது?

முடித்தார். அவர் பெயர் ஜார்ஜ் எபர்ஹார்ட் ரம்ஃபியஸ்.

ரம்ஃபியஸ் ஜெர்மனியில் பிறந்தவர். 1652-ல் கம்பெனியில் படைவீரராகச் சேர்ந்து கப்பல் ஏறினார். 1654 வாக்கில் அம்போன் வந்து சேர்ந்தார். பிறகு வணிகப் பிரிவுக்கு மாறினார். அந்தத் தீவில் கம்பெனிக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான்: கிராம்பு. ஐரோப்பாவில் அதற்கு அப்படி ஒரு கிராக்கி.

ரம்ஃபியஸுக்கோ கிராம்பைத் தவிர மற்ற எல்லாமும் வேண்டியிருந்தது! கரையில் ஒதுங்கும் சிப்பி, பாறை இடுக்கில் ஒளியும் நண்டு, வேலியில் படரும் கொடி என்று எதைப் பார்த்தாலும் நின்று விசாரிப்பார். இதற்கு மலாய் மொழியில் என்ன பெயர், அம்போன்காரர்கள் என்ன சொல்கிறார்கள், எந்த நோய்க்கு மருந்து, எந்தப் பகுதியைத் தின்றால் விஷம்? ஊர் மக்கள் சொல்வதைக் கேட்டுக் கேட்டு எழுதிவைத்தார். அவருடைய தாவர நூலின் முதல் அத்தியாயமே தென்னை மரம்தான்.

பார்வை போனதும் முதல் சிக்கல் மொழியில் வந்தது. அந்தக் காலத்து அறிஞர்களைப் போல அவரும் லத்தீனில் எழுதிக்கொண்டிருந்தார். இனி அவர் சொல்லச் சொல்ல வேறொருவர்தான் எழுத வேண்டும். ஆனால் கம்பெனி எழுத்தர்களுக்கு டச்சுதான் வரும். அதனால் எழுதியதை ஒதுக்கிவைத்துவிட்டு, டச்சு மொழியில் முதலிலிருந்து ஆரம்பித்தார்.

இலையை விரலால் தடவிப் பார்ப்பார், முகர்வார், நாக்கில் வைத்து ருசி பார்ப்பார். நிறமும் வடிவமும் பக்கத்தில் இருப்பவர்கள் சொல்லித் தெரிய வேண்டும். மகன் பால் ஆகஸ்ட் படங்கள் வரைந்து கொடுத்தார். கம்பெனியும் சம்பளத்தை நிறுத்தவில்லை.

சரி, ஒருவழியாக வேலை நடக்கிறது என்று நிமிர்ந்த நேரத்தில் அடுத்த இடி விழுந்தது.

1674 பிப்ரவரி 17. சீனப் புத்தாண்டு என்பதால் அம்போன் நகரம் கொண்டாட்டத்தில் இருந்தது. மாலையில் பூமி குலுங்கியது. சுவர் இடிந்து விழுந்ததில் அவருடைய மனைவி சூசன்னாவும் மகளும் இறந்துபோனார்கள். தீவின் வடகரையில் கடல் பொங்கி ஊர்களை அடித்துக்கொண்டு போனது. மொத்தம் 2,300-க்கும் மேற்பட்டோர் பலியானார்கள்.

அந்தத் துக்கத்திலும் ரம்ஃபியஸ் விசாரிப்பதை நிறுத்தவில்லை. எந்த ஊரில் எவ்வளவு உயரம் தண்ணீர் வந்தது, எங்கே நிலம் பிளந்தது என்று கேட்டுத் தொகுத்தார். 1675-ல் அச்சான அந்தச் சிறு நூல்தான் இந்தோனேசியாவில் சுனாமியைப் பற்றிய முதல் விரிவான பதிவு. இன்றைய சுனாமி ஆய்வாளர்கள்கூட அதைப் புரட்டிப் பார்க்கிறார்கள்.

இதற்குள் அவர் பெயர் ஐரோப்பாவை எட்டியிருந்தது. ஜெர்மனியில் இயற்கை ஆர்வலர்களுக்கென்றே இயங்கிய ஒரு கழகம் 1681-ல் அவரை உறுப்பினராக்கிக்கொண்டது. பழைய ரோமின் இயற்கை நூலாசிரியர் பிளினியோடு ஒப்பிட்டு ஒரு பட்டப்பெயரும் கொடுத்தது.

அப்புறம் 1687. லண்டனில் நியூட்டனின் 'பிரின்சிபியா' வெளிவந்து உலகமே திரும்பிப் பார்த்த ஆண்டு. அதே ஆண்டு ஜனவரியில் அம்போன் நகரம் தீப்பிடித்து எரிந்தது. ரம்ஃபியஸின் நூலகம், கையெழுத்துப் பிரதிகள் பல, செடிகளின் படங்கள் எல்லாம் போயின. தான் வரைந்த படங்களைத் திரும்ப வரைய அவருக்குக் கண் இல்லை. வேறு ஆட்களை வைத்து வரையச் செய்தார்.

1690-ல் நூலின் முதல் பாதி தயாரானது. ஹாலந்துக்கு அனுப்பினார். 1692-ல் அதை ஏற்றிச்சென்ற கப்பலைப் பிரெஞ்சுப் படை தாக்கி மூழ்கடித்தது.

இந்த முறை ஒரு நல்ல காரியம் நடந்திருந்தது. வழியில் பட்டேவியாவில், அதாவது இன்றைய ஜகார்த்தாவில், ஆளுநராக இருந்த கேம்ஃபெய்ஸ் என்பவர் இயற்கை ஆர்வம் கொண்டவர். கப்பல் ஏற்றுவதற்கு முன் தனக்கென்று ஒரு படி எடுத்து வைத்திருந்தார். அந்தப் படி மட்டும் இல்லாவிட்டால், அத்தனை வருட உழைப்பும் கடலோடு போயிருக்கும்.

1696-ல் ஒருவழியாக நூல் ஹாலந்து போய்ச் சேர்ந்தது. கம்பெனி முதலாளிகள் படித்தார்கள். இதில் இருக்கும் விவரங்கள் போட்டி நாடுகளின் கையில் கிடைத்தால் வியாபாரம் என்னாவது? தூக்கிப் பெட்டியில் வைத்துவிட்டார்கள்.

1702-ல் ரம்ஃபியஸ் காலமானார். நூல் அச்சாகி அவர் கைக்கு வரவே இல்லை. சிப்பி, நண்டு, கனிமங்கள் பற்றி அவர் எழுதிய இன்னொரு நூல் 1705-ல் வெளிவந்தது. செடிகளின் நூல் அச்சேற 1741 ஆகிவிட்டது. ஆம்ஸ்டர்டாமைச் சேர்ந்த யோஹன்னஸ் பர்மன் என்ற தாவரவியலாளர் அதை ஆறு பெரிய தொகுதிகளாகப் பதிப்பித்தார். சுமார் 1,200 தாவரங்கள் அதில் இருக்கின்றன. கிழக்குத் தீவுகளின் தாவரங்களைப் பற்றி யார் எழுதினாலும் இன்றும் அங்கிருந்துதான் தொடங்க வேண்டும்.

விஞ்ஞானி என்றால் தனி அறையில் ஒற்றை ஆளாகக் கண்டுபிடிப்பவர் என்ற படம்தான் நம் மனதில் இருக்கிறது. ரம்ஃபியஸின் நூல் அப்படி உருவாகவில்லை. பெயர் சொன்ன தீவுவாசிகள், சொல்லச் சொல்ல எழுதிய எழுத்தர்கள், படம் வரைந்த மகன், படி எடுத்து வைத்த ஆளுநர் என்று பலருடைய கண்ணும் கையும் அதில் இருக்கின்றன. அவரிடம் கடைசிவரை இருந்தது, "இது என்ன?" என்ற ஒரு கேள்விதான். அது போதுமானதாக இருந்தது.

தனக்குக் கண்ணாக இருந்தவர்களை அவர் மறக்கவும் இல்லை. வெள்ளை வெளேரென்று பூக்கும் ஓர் ஆர்க்கிட் செடிக்கு 'சூசன்னாவின் பூ' என்று பெயர் வைத்தார். செடி தேடுவதில் தனக்கு முதல் துணையாக இருந்தவள் மனைவிதான், இந்தப் பூவைத் தனக்கு முதலில் காட்டியதும் அவள்தான் என்று காரணமும் எழுதிவைத்தார். பிறகு வந்த லின்னேயஸ் அந்தப் பெயரைத் தாவரவியலில் சேர்த்துக்கொண்டார்.

தாவரவியல் பட்டியலில் அந்தப் பூவின் பெயர் இன்றைக்கும் 'பெக்டைலிஸ் சூசன்னே'.