மரண ரயிலுக்கு ஆதாரம் கேட்கிறார்கள், கொடுப்போம்!

"இதற்கு ஆதாரம் என்ன?" தமிழ் யுத்த நாவலைப் பற்றிக் கலைக்களஞ்சியத்தில் எழுதப் புகுவோரிடம் இப்படிக் கேட்கிறார்கள். தமிழ் அபிமானிகள் சிலர் இதற்குக் கோபப்படுகிறார்கள். நாம் கோபப்படவில்லை, கேள்வி நியாயமானதே. ஆனால் ஏழையின் சாவுக்கு மட்டும் ஆதாரம் ஏன் கிடைப்பதில்லை என்று நாமும் திருப்பிக் கேட்கிறோம்.

மலேசிய எழுத்தாளர் ஆர். சண்முகம் எழுதிய "சயாம் மரண ரயில்" நாவலை எடுத்துக்கொள்வோம். 1942-43ல் ஜப்பானிய ராணுவம் சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே சுமார் 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட்டது. சேலம், திருச்சி, தஞ்சை ஜில்லாக்களிலிருந்து கங்காணிகள் அழைத்துப்போன குடும்பங்கள் மலாயா ரப்பர் தோட்டங்களில் இருந்தன. அங்கிருந்து ஆயிரக்கணக்கானோரைக் காட்டுக்குக் கொண்டுபோனார்கள். காலரா, மலேரியா, பட்டினி, அடி. போனவர்களில் பலர் திரும்பவில்லை.

இதே பாதையில் வேலை வாங்கப்பட்ட நேச நாட்டுப் போர்க் கைதிகள் 60,000 பேருக்கு மேல். மாண்டவர்கள் 12,000க்கு மேல். காஞ்சனபுரியில் அவர்களுக்குக் கல்லறைத் தோட்டம் உண்டு, கல்லில் பெயர் உண்டு. ஆசியத் தொழிலாளர் எத்தனை பேர்? ஒரு நூல் 1,80,000 என்கிறது, இன்னொன்று 2,50,000க்கு மேல் என்கிறது. மாண்டவர் சுமார் 90,000 என்பது பலரும் சொல்லும் மதிப்பீடு. சிப்பாயைத் தலை எண்ணிக் கணக்கெடுத்தார்கள். கூலியை ஆயிரம் ஆயிரமாக உத்தேசமாய்ச் சொல்கிறார்கள்!

பிரெஞ்சு எழுத்தாளர் பியேர் பூல் 1952ல் இதே பாதையை வைத்து ஒரு நாவல் எழுதினார். 1957ல் இலங்கையில் அது படமாக்கப்பட்டது. படத்தில் பாலம் வெடித்துச் சிதறுகிறது. நிஜத்தில் 1945ல் விமானக் குண்டுவீச்சில் சேதமடைந்த பாலம் பழுது பார்க்கப்பட்டு இன்றும் நிற்கிறது. அது நின்றது மே குளோங் ஆற்றின் மேல். படம் பார்த்து வந்த உல்லாசப் பயணிகளுக்காக ஆற்றின் பெயரையே குவாய் என்று மாற்றினார்கள். கதை சரித்திரத்தை விழுங்கிய விதம் இது. ஆதாரம் வேண்டும் என்று நாம் சொல்வதற்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா?

ஆகவே நம் நாவலைப் பற்றிய கட்டுரையில் கதைக்கு நாவலின் பக்க எண் தரவேண்டும். எந்தப் பதிப்பு என்றும் சொல்ல வேண்டும். ஆசிரியரைப் பற்றி எழுத அவர் பேட்டியும் முன்னுரையும் உதவும். மதிப்புரைக்குப் பத்திரிகையின் பெயரும் தேதியும் வேண்டும். சாவுக் கணக்குக்குச் சரித்திர நூல்தான் ஆதாரம். நாவலைக் காட்டிச் சாவுக் கணக்கை நிரூபிக்கப் புகுந்தால் எதிரி நம்மைப் பொய்யன் என்பான். செத்தவர்களும் இரண்டாம் முறை சாவார்கள்.

மில் தொழிலாளிக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மஸ்டரில் பெயர் இல்லாதவன் இருபது வருஷம் உழைத்திருந்தாலும் கிராஜுவிட்டிக்குப் படும் பாடு அவன் அறிந்ததே. அடங்கலில் பெயர் ஏறாத குத்தகை விவசாயியின் கதியை விவசாயத் தொழிலாளி அறிவான்.

கலைக்களஞ்சிய வேலை கொங்கு நாட்டுக்குப் புதிதல்ல. 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வந்த தமிழ்க் கலைக்களஞ்சியத்துக்குத் தலைமை தாங்கிய அவினாசிலிங்கம் திருப்பூர்க்காரர். தலைமைப் பதிப்பாசிரியர் பெரியசாமித் தூரன் ஈரோட்டுப் பக்கத்தவர். அதை நிபுணர்கள் எழுதினார்கள். 2003ல் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியாவிலோ யாரும் எழுதலாம். ஆனால் வெறும் வாய்ச்சொல்லை அங்கே ஏற்கமாட்டார்கள். நம்பகமான இடத்தில் பிரசுரமாகியிருக்க வேண்டும்.

ஆகவே தோழர்களே, மலாயாவிலிருந்து திரும்பிய குடும்பம் உங்கள் ஊரில் இருந்தால் போய்க் கேளுங்கள். சொன்னவர் பெயர், ஊர், தேதியோடு எழுதி வாங்கி, சங்கப் பத்திரிகையில் பிரசுரிக்கச் செய்யுங்கள். 1948 நூலகச் சட்டத்தின்படி வீட்டு வரியோடு நூலக வரியும் கட்டுகிறோம். அந்த உரிமையோடு நூலகத்துக்குப் போய், மலேசியத் தமிழ் நாவல்களையும் பழைய பத்திரிகைகளையும் வாங்கி வை என்று கேளுங்கள். தண்டவாளத்தின் கீழ் கிடப்பவர்களுக்கு இனி நாம்தான் மஸ்டர் எழுத வேண்டும்.