கனி நமதாம்; மரத்தை நட்டவர் யார்?



2025ஆம் ஆண்டு மே மாதத்தில் மார்வெல் நிறுவனத்தின் 'தண்டர்போல்ட்ஸ்' திரைப்படம் வெளிவந்தது. அதில் மெல் என்னும் பாத்திரத்தை ஏற்று நடித்தவர் ஜெரால்டின் விஸ்வநாதன் என்னும் ஆஸ்திரேலிய இளம்பெண். அவருடைய தந்தையார் தமிழர். இவ்வொரு செய்தி போதாதா நம்மவருக்கு? "ஹாலிவுட்டைக் கலக்கும் தமிழச்சி!", "உலகத் தமிழரின் பெருமை!" என்றெல்லாம் புலனக் குழுக்களிலும் முகநூலிலும் முழக்கங்கள் எழுகின்றன. அவர் நடித்த ஒரு படத்தையேனும் பார்த்திராதவர்கூட நெஞ்சை நிமிர்த்திக்கொள்கிறார்.

இந்தக் கொண்டாட்டத்தைத்தான் நான் எதிர்க்கிறேன். அந்தப் பெண்ணின் திறமையை எதிர்க்கவில்லை, அதற்குத் தலைவணங்குகிறேன். ஆனால், நாம் ஒரு குவளை நீரும் ஊற்றாத மரத்தின் கனிக்கு உரிமை கொண்டாடுகிறோம். அதே வேளையில், நம் முற்றத்தில் முளைக்கும் அதே இனத்துக் கன்றுகளைக் காலால் மிதித்துக்கொண்டு நடக்கிறோம். இதற்குப் பெயர் இனப்பற்றா? எனக்கு அப்படித் தோன்றவில்லை.

யார் இந்த ஜெரால்டின்?

1995ஆம் ஆண்டு சூன் திங்களில், ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் உள்ள நியூகாசல் நகரில் பிறந்தவர். தந்தை தமிழர், தாய் சுவிட்சர்லாந்து நாட்டவர். நியூகாசல் பெருநகரமன்று. நிலக்கரி ஏற்றுமதியாகும் துறைமுக நகரம். 1999இல் மூடப்பட்ட பெரிய எஃகு ஆலையால் பல்லாண்டு வாழ்ந்த தொழிலாளர் நகரம். ஆயினும், நடிப்பு, நடனம், இசை ஆகியவற்றில் ஆர்வமுள்ள பிள்ளைகளுக்கென்றே அங்கு ஓர் அரசுப் பள்ளி உண்டு என்பதை நாம் கவனிக்க வேண்டும். கலை என்பது பணக்காரர் வீட்டுப் பொழுதுபோக்கு என்று அவ்வூர் கருதவில்லை.

ஜெரால்டின் எடுத்த எடுப்பில் அமெரிக்கத் திரையில் தோன்றிவிடவில்லை. பெண்களே நடத்திய நகைச்சுவைக் குழுவொன்றில் சேர்ந்து நடித்தார். ஆஸ்திரேலியாவில் எடுக்கப்பட்ட சிறு படங்களிலும் தொடர்களிலும் தலைகாட்டினார். 2018இல் வெளிவந்த 'பிளாக்கர்ஸ்' என்னும் அமெரிக்க நகைச்சுவைப் படம்தான் அவரைப் பரவலாக அறிமுகப்படுத்தியது. 2019இல் 'ஹாலா' என்னும் படத்தில் பாகிஸ்தானிய அமெரிக்க முஸ்லிம் குடும்பத்து மகளாக நடித்தார். அதே ஆண்டில் தொடங்கி 2023 வரை 'மிராக்கிள் வொர்க்கர்ஸ்' தொலைக்காட்சித் தொடர். 2020இல் 'தி புரோக்கன் ஹார்ட்ஸ் கேலரி' படத்தில் கதைநாயகி. 2024இல் ஈதன் கோயன் இயக்கிய 'டிரைவ்-அவே டால்ஸ்' படத்தில் இரு முதன்மைப் பாத்திரங்களுள் ஒன்று.

ஆசிரியர்கள் கட்டாயம் பார்க்க வேண்டிய படம் ஒன்றுண்டு. அது 'பேட் எஜுகேஷன்'. நியூயார்க் மாநிலத்து ரோஸ்லின் பள்ளி வட்டாரத்தில் உண்மையாகவே நடந்த ஊழலைத் தழுவியது. பொதுமக்கள் வரிப்பணத்தில் 1 கோடியே 12 இலட்சம் டாலர் அங்குக் கையாடப்பட்டது. 2004இல் அதனை முதலில் அச்சிட்டு வெளிப்படுத்தியது பெரிய நாளிதழ் அன்று. அப்பள்ளி மாணவர்களின் இதழ்! அம்மாணவச் செய்தியாளரை ஒட்டி அமைந்த பாத்திரத்தையே ஜெரால்டின் ஏற்றார். பள்ளியில் கட்டப்படவிருக்கும் ஒரு நடைபாலத்தைப் பற்றிச் சிறு செய்தி எழுத வந்த மாணவி, கணக்குத் தாள்களைப் புரட்டிப் புரட்டி உண்மையைத் தோண்டி எடுக்கிறாள். கூச்சல் இல்லை, கண்ணீர் இல்லை. கேள்வி கேட்கும் ஒரு பிள்ளையின் அமைதியான பிடிவாதம் மட்டுமே. 2020இல் சிறந்த தொலைக்காட்சிப் படத்துக்கான எம்மி விருது அப்படத்துக்குக் கிடைத்தது.

இப்பாத்திரங்களை வரிசையாக வைத்துப் பாருங்கள். எதிலாவது 'தமிழச்சி' என்பதற்காக அவர் தேர்ந்தெடுக்கப்பட்டாரா? இல்லை. நடிக்கத் தெரிந்ததனால் தேர்ந்தெடுக்கப்பட்டார். அவர் பெற்ற வெற்றியின் பொருளே அதுதான். நாமோ, அவர் தாண்டி வந்த வேலியையே மீண்டும் தூக்கிக்கொண்டு போய் அவரைச் சுற்றி நடுகிறோம்!

இன்னொன்றையும் கேட்கிறேன். அவரைப் 'பாதித் தமிழர்' என்று எழுதுகிறோமே, ஒரு மனிதரைப் பாதி, கால் என்று அளப்பதற்கு அவரென்ன காய்கறியா? அவருடைய தாய் நாட்டவரும் வந்து மறுபாதியை அளந்து எடுத்துக்கொண்டு போனால், அவர் பிறந்து வளர்ந்து தொழில் கற்ற ஆஸ்திரேலியாவுக்கு என்ன எஞ்சும்?

பெயரை மறைத்தவரும் பெயரோடு நின்றவரும்

உரிமை கொண்டாடுவோர் ஒருவரும் பேசாத வரலாறு ஒன்றுண்டு.

மெர்ல் ஓபரான் என்னும் நடிகை 1911இல் பம்பாயில் பிறந்தவர். அவருடைய தாய்வழி இலங்கையைச் சேர்ந்தது. 1935இல் வெளிவந்த 'தி டார்க் ஏஞ்சல்' படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்றவர். ஆனால், தாம் ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியாத் தீவில் பிறந்ததாகவே உலகத்தாரை நம்பவைத்தார். கருநிறம் கொண்ட தம் வீட்டு மூதாட்டியைப் பணிப்பெண் என்று விருந்தினரிடம் சொன்னதாக அவர் வரலாற்றை எழுதியோர் குறிக்கின்றனர். 1978இல் டாஸ்மேனியாவின் ஹோபார்ட் நகரத்தார், ஊரின் மகள் என எண்ணி அவருக்கு வரவேற்பும் அளித்தனர். மறு ஆண்டே அவர் மறைந்தார். ஆசியக் குருதி கலந்தவர் என்று தெரிந்தால் திரைவாழ்வே முடிந்துவிடும் என்ற அச்சம், ஒரு பெண்ணைத் தன் பிறப்பையே வாழ்நாள் முழுதும் ஒளிக்க வைத்தது.

அவர் ஆஸ்திரேலியர் என்று பொய் சொன்னார், வெள்ளையராக நிற்பதற்கு. ஜெரால்டின் மெய்யாகவே ஆஸ்திரேலியர். ஆனால், அந்நாட்டார் நாவுக்கு எளிதில் வசப்படாத 'விஸ்வநாதன்' என்ற பெயரைச் சுருக்காமல், திரிக்காமல், படத்தின் பெயர்ப்பட்டியலில் முழுமையாக வைத்துக்கொண்டிருக்கிறார். இவ்விருவருக்கும் இடையில் மாறியது எது? குருதியா? இல்லை. நாடு மாறியது, சட்டம் மாறியது.

1901இல் ஆஸ்திரேலியா குடிநுழைவுக் கட்டுப்பாட்டுச் சட்டம் ஒன்றை இயற்றியது. ஆசியரை உள்ளே விடக்கூடாது என்று நேராக எழுதாமல், ஒரு சொல்வதெழுதுதல் தேர்வை வைத்தார்கள். ஆம், நாம் முதலாம் ஆண்டுப் பிள்ளைகளுக்கு வைக்கும் அதே சொல்வதெழுதுதல்தான்! அதிகாரி விரும்பிய ஏதேனும் ஓர் ஐரோப்பிய மொழியில் 50 சொற்களை எழுதச் சொல்வார். ஆங்கிலம் தெரிந்தவர் வந்தால் வேறு மொழியில் வாசிப்பார். தோற்கடிப்பதற்கென்றே அமைத்த தேர்வு! 1958இல் அத்தேர்வு ஒழிந்தது. 1973இல் வெள்ளை ஆஸ்திரேலியக் கொள்கையின் எச்சங்கள் அகன்றன. 1975இல் இனப்பாகுபாட்டைத் தடை செய்யும் சட்டம் வந்தது. 1980இல் பல மொழிகளிலும் நிகழ்ச்சி தரும் எஸ்.பி.எஸ். தொலைக்காட்சி தொடங்கியது. இத்தனை கதவுகள் திறந்த பின்னரே, ஒரு தமிழருக்கும் ஒரு சுவிஸ் பெண்மணிக்கும் பிறந்த மகள் நியூகாசலில் தலைநிமிர்ந்து வளர முடிந்தது. அக்கதவுகளைத் திறக்கப் பல்லாண்டு போராடியவர்களுக்கு நன்றி சொல்லாமல், 'தமிழ்க் குருதி' என்று ஒரே சொல்லில் முடிப்பது அறியாமை.

ஆஸ்திரேலியா சொர்க்கமா?

அதுவும் இல்லை. 'பன்முகப் பண்பாட்டு நாடு' என்ற விளம்பரப் பலகையை நம்பி ஏமாற வேண்டா. அந்நாட்டின் அரசுத் திரை அமைப்பான 'ஸ்கிரீன் ஆஸ்திரேலியா' 2016இல் ஓர் ஆய்வறிக்கை வெளியிட்டது. 2011 முதல் 2015 வரை ஒளிபரப்பான தொலைக்காட்சி நாடகங்களில், ஆங்கிலேய-செல்டிக் மரபு சாராத முதன்மைப் பாத்திரங்கள் 18 விழுக்காடு மட்டுமே. மக்கள் தொகையில் அத்தகையோர் 32 விழுக்காடு! வீதியில் இருப்போர் திரையில் இல்லை. ஜெரால்டினின் பெரிய வாய்ப்புகள் யாவும் அமெரிக்காவில் அமைந்தன என்பதையும் இதனோடு சேர்த்துப் படியுங்கள். வீடு ஊக்கலாம், பள்ளி பயிற்றலாம். மேடை கிடைக்காவிட்டால் பிள்ளை வேறு ஊர் தேடித்தான் போக வேண்டும்.

"தமிழ் பேசாதவர் நமக்கெதற்கு?" என்போருக்கு

கொண்டாடுவோருக்கு எதிர்முனையில் இன்னொரு கூட்டம் நிற்கிறது. "பெயரில் மட்டும் தமிழ் இருந்து என்ன பயன்? தமிழில் நடித்தாரா?" என்று கேட்கும் கூட்டம். தமிழாசிரியனாகிய நான் இவர்கள் பக்கம் நிற்பேன் என்று சிலர் எதிர்பார்க்கலாம். நிற்கமாட்டேன். பிறர் வீட்டுப் பிள்ளையை எடைபோடும் தராசு இது. உரிமை கொண்டாடுவதும், தேர்வு வைத்துத் தள்ளுவதும் ஒரே ஆணவத்தின் இரு முகங்கள். அந்த 50 சொல் தேர்வை வைத்த அதிகாரிக்கும் இவர்களுக்கும் மொழிதான் வேறு, மனம் ஒன்றே.

இம்மனம் நம் மலேசியத் தமிழ்ப்பள்ளிகளிலும் உலவுகிறது. சீனத் தாய்க்கும் தமிழ்த் தந்தைக்கும் பிறந்து, நம்மை நம்பி முதலாம் ஆண்டில் வந்து அமரும் பிள்ளையை, "நீ சீனப் பிள்ளையா, தமிழ்ப் பிள்ளையா?" என்று கேட்காத பெரியவர் எத்தனை பேர்? ஹாலிவுட்டில் இருக்கும் கலப்பு மணத்து மகள் 'நம் இனத்தின் பெருமை'. நம் வகுப்பில் இருக்கும் கலப்பு மணத்து மகள் 'அரைகுறை'. வெட்கமாக இல்லையா?

நம் பள்ளி மேடைகளில் நடப்பது என்ன?

நடிப்புக்கு நாம் தரும் மதிப்பைப் பார்ப்போம். பரிசளிப்பு விழா வந்தால், ஒலிபெருக்கியில் திரைப்படப் பாடலை ஓடவிட்டு, பிள்ளைகளுக்குப் பளபளக்கும் உடை மாட்டி ஆடவிடுகிறோம். கதை சொல்லும் போட்டி வந்தால், ஆசிரியர் எழுதிய கதையை, ஆசிரியர் சொல்லிக் கொடுத்த கையசைவோடு, ஆசிரியர் குறித்த இடத்தில் சிரித்து, குறித்த இடத்தில் அழுது ஒப்பிக்கிறது பிள்ளை. நடுவர் மேசையில் பத்துப் பிள்ளைகளைக் கேட்டால், பத்தும் ஒரே குரல். பிள்ளையின் சொந்தச் சொல் ஒன்றுகூட இல்லாத அரங்கில் நடிகர் எப்படித் தோன்றுவார்? பேச்சாளர்தான் எப்படித் தோன்றுவார்?

யு.பி.எஸ்.ஆர். தேர்வு 2021இல் அகற்றப்பட்டது. இனிமேலாவது வகுப்பறை மூச்சுவிடும் என்று எண்ணினோம். ஆனால், தேர்வு போயிற்றே தவிர, தேர்வு மனம் போகவில்லை. நாடகம் போடலாம் என்று ஓர் இளம் ஆசிரியர் முன்வந்தால், "பாடம் முடிந்ததா?" என்ற கேள்வியே முதலில் வருகிறது. பிள்ளை வீட்டில் நடித்துக் காட்டினால், "இது சோறு போடுமா?" என்கிறார் தந்தையார். அதே தந்தையார்தான் மறுநாள் 'உலகை வென்ற தமிழச்சி' செய்தியைப் பத்துப் பேருக்கு அனுப்புகிறார்!

"எல்லாரும் நடிகராகிவிட முடியுமா?" என்று கேட்பீர்கள். முடியாது, ஆகவும் வேண்டா. நடிகரை உருவாக்குவதற்காக நான் நாடகம் கேட்கவில்லை. பிறர் இடத்தில் நின்று பார்க்கவும், தன் சொல்லைத் தானே தேடவும், நாலு பேர் முன் அஞ்சாமல் கேள்வி கேட்கவும் ஒரு பிள்ளைக்கு வகுப்பறையில் கிடைக்கும் மிக மலிவான பயிற்சி அது. நம் தமிழ்மொழிப் பாடத்திட்டமும் கேட்டல், பேச்சு என்றுதானே தொடங்குகிறது?

செய்ய வேண்டியவை

1. வாரத்தில் ஒரு முறை, அரைமணி நேரம் போதும். பாடத்திலுள்ள ஒரு கதையைப் பிள்ளைகள் தாங்களே உரையாடலாக்கி நடிக்கட்டும். உடையும் வேண்டா, ஒலிபெருக்கியும் வேண்டா.

2. கதை சொல்லும் போட்டியில் பிள்ளையின் சொந்தக் கதைக்கும் சொந்த மொழிக்கும் நடுவர்கள் முதன்மை கொடுக்கட்டும். தடுமாறினாலும் பரவாயில்லை.

3. பெற்றோர் ஆசிரியர் சங்கத்தார், விழாவில் ஒரு திரைப்பாடல் ஆட்டத்தைக் குறைத்து, அவ்விடத்தில் பிள்ளைகள் எழுதிய ஒரு குறுநாடகத்தை ஏற்றட்டும்.

4. கலப்பு மணத்துப் பிள்ளையின் பெயரை முழுமையாக, பிழையின்றி அழையுங்கள். அப்பெயரின் இரு பக்கமும் அப்பிள்ளைக்கே உரியவை.

இவற்றைச் செய்யும் பள்ளிகள் நம் நாட்டில் இல்லாமல் இல்லை. அவை பெருக வேண்டும் என்பதே என் அவா.

ஜெரால்டின் விஸ்வநாதனின் படத்தைப் பாருங்கள், பிடித்தால் கைதட்டுங்கள். ஒரு நல்ல நடிகைக்கு இரசிகர் தர வேண்டியது அவ்வளவுதான். பெருமைப்பட வேண்டும் என்று உள்ளம் துடித்தால், அதற்கு இடம் நியூகாசலில் இல்லை. நாளைக் காலை ஏழரை மணிக்கு உங்கள் வகுப்பறைக்குள் நுழையும் முப்பது பிள்ளைகளிடம் இருக்கிறது. முதலில் மரத்தை நடுவோம். கனியைப் பற்றிப் பிறகு பேசுவோம்.

சிந்திப்போம், செயல்படுவோம்!