மூச்சை இழுத்து விட்டா மூணு வட்டி குறையுமா?

கல்யாணத்துக்கு நாள் குறிச்ச வீட்டுல பதற்றம் வந்தா என்ன செய்யணும்னு இப்ப நிறைய வீடியோ சுத்துது. மூச்சை இழுத்து நாலு எண்ணணுமாம், டைரி எழுதணுமாம், வெதுவெதுன்னு தண்ணி குடிக்கணுமாம். குடிங்க, தண்ணி குடிக்கிறதை நான் எப்பவும் எதிர்த்ததில்லை. ஆனா மூணு வட்டிக்கு அஞ்சு லட்சம் வாங்கின தகப்பன் எத்தனை மூச்சு இழுத்தாலும் மாசம் 15,000 ரூபாய் வட்டி நிக்காது. நூத்துக்கு மாசம் மூணு ரூபாய்னா வருஷத்துக்கு 36 ரூபாய். அந்த ஆளுக்குத் தூக்கம் வரலைன்னா அதை மனசுக் கோளாறுன்னு சொல்லாதீங்க. அவருக்குக் கணக்குத் தெரியுது, அவ்வளவுதான்.

"கிராமத்துல என்னங்க டென்ஷன், எல்லாம் சிம்பிளா முடிஞ்சிரும்"னு பட்டணத்துல இருந்து வர்றவங்க சொல்றாங்க. எந்தக் கிராமத்தைப் பார்த்தீங்கன்னு தெரியலை. எங்க பேராவூரணிப் பக்கம் வாசல்ல பந்தக்கால் நட்டுக் கல்யாணம் பண்ற வீடு குறைஞ்சு போச்சு. மண்டபம், கான்ட்ராக்ட் சமையல், ட்ரோன், முச்சந்திக்கு முச்சந்தி பிளெக்ஸ், மேக்கப்புக்குத் தனி ஆள், தாம்பூலப் பை எல்லாம் இங்கேயும் வந்தாச்சு. (உங்க ஊர்ப் பிள்ளைங்க போட்டோ எடுக்க எங்க வயலுக்குத்தான் வர்றாங்க. வாங்க, வேண்டாங்கலை. நடவு நட்ட வயலுக்குள்ள இறங்கி ஓடாதீங்க, வரப்பு இருக்கு.)

முன்னாடி ஒரு கல்யாணம்னா வேலை ஊருக்கே பிரிஞ்சு போயிரும். பந்தல் பங்காளிங்க பொறுப்பு, காய் நறுக்குறது தெருப் பொம்பளைங்க பொறுப்பு, சீர் தாய்மாமன் பொறுப்பு, பரிமாறுறது இளவட்டங்க பொறுப்பு. கல்யாணத்தைத் 'திட்டம் போட'ன்னு தனியா ஒரு ஆள் கிடையாது. இப்ப அந்த வேலை எல்லாத்தையும் காசு கொடுத்து வாங்குறோம். வேலை வெளியே போயிருச்சு, கவலை மட்டும் வீட்டுல தங்கிருச்சு. அதுவும் ஒரே ஆள் தலையில. பெரும்பாலும் பொண்ணோட அப்பா, இல்லைன்னா கையில போனும் எக்செல் ஷீட்டுமா உட்கார்ந்திருக்கிற பொண்ணு.

அதுக்காகப் பழைய காலம் பொற்காலம்னு சொல்ல வரலை. எங்க அத்தைங்க காலத்துல மாப்பிள்ளை முகத்தை மணையில வச்சுத்தான் பார்த்தாங்க. பயமா இருக்கான்னு அவங்களை யாரும் கேட்கலை. வரதட்சணை வாங்கக் கூடாதுன்னு 1961லயே சட்டம் வந்தும், 'உங்க பொண்ணுக்கு நீங்க போடுறது'ன்னு பேரை மாத்தி இன்னைக்கும் பவுன் கணக்குப் பேசிக்கிட்டுத்தான் இருக்கோம்.

மொய் இருக்கே, அது செலவைத் தாங்காதான்னு கேட்பீங்க. எங்க பக்கத்து மொய் விருந்தைப் பத்திப் பத்திரிகையில படிச்சிருப்பீங்க. ஆடி, ஆவணியில பல பேர் சேர்ந்து ஒரே பந்தலில் கறி விருந்து போட்டு மொய் வாங்குவாங்க. வட்டியில்லாத கைமாத்துன்னு பார்த்தா அருமையான ஏற்பாடு. ஆனா நோட்டுல எழுதின ஒவ்வொரு பேரும் திருப்பிச் செய்ய வேண்டிய கடன். வாங்கினதோட மேலே கொஞ்சம் சேர்த்து வைக்கணும். இன்னைக்குப் பதற்றத்தைத் தணிக்க வாங்குற மொய், பத்து வருஷத்துக்கு அடுத்தவன் வீட்டுப் பத்திரிகை வரும்போதெல்லாம் வயித்துல புளியைக் கரைக்கும். மொய்யை நம்பிச் செலவைக் கூட்டுறவனுக்கு மொய் உதவாது.

2018 நவம்பர் 16ஆம் தேதி கஜா புயல் எங்க தென்னையைச் சாய்ச்சுப் போட்டுது. நெட்டைத் தென்னை வச்சா காய்க்க ஆறு ஏழு வருஷம் ஆகும். கல்யாணச் செலவுக்கு அந்த மரத்தைத்தான் நம்பியிருந்தோம். அடுத்து வந்த தையில நாள் குறிச்சிருந்த சில வீட்டுல வாசல்லயே பந்தல் போட்டு, சொந்தக்காரங்களை மட்டும் கூப்பிட்டு முடிச்சாங்க. 2020 ஊரடங்குல கல்யாணத்துக்கு 50 பேருக்கு மேல கூடாதுன்னு அரசாங்கமே சொல்லிருச்சு. அப்ப தாலி கட்டினவங்க நல்லாத்தான் இருக்காங்க, பிள்ளைங்க பள்ளிக்கூடம் போகுது. 'அன்னைக்கு ட்ரோன் பறக்கலையே'ன்னு அவங்களை இன்னைக்கு யாரும் கேலி பேசுறதில்லை. ஆனா தடை போன மறுமாசமே ஆயிரம் பேர் சாப்பாட்டுக்குத் திரும்பிட்டோம். புயலும் நோயும் கத்துக்கொடுத்ததை எவ்வளவு சீக்கிரம் மறந்துட்டோம் பாருங்க.

சட்டம் இந்த ஆடம்பரம் எதையும் கேட்கலை. 1967ல தமிழ்நாடு இந்து திருமணச் சட்டத்துல 7ஏ பிரிவைச் சேர்த்துச்சு. உறவுக்காரங்க, நண்பர்கள் முன்னால ரெண்டு பேரும் மாலை மாத்தினாலோ, மோதிரம் போட்டாலோ, தாலி கட்டினாலோ போதும். கல்யாணத்தை 90 நாளைக்குள்ள பதியணும்னு 2009 சட்டம் சொல்லுது. மிச்சம் எல்லாம் நாமளா சேர்த்துக்கிட்டது. சேர்த்துக்கிட்டதுல பிடிச்சதை வச்சுக்கலாம், நானே நாதஸ்வரம் இல்லாத கல்யாணத்துக்குப் போனா பாதி வயித்தோடதான் வருவேன். ஆனா கடன் வாங்கிச் செய்யுற எதையும் 'சம்பிரதாயம்'னு சொல்லாதீங்க. பிளெக்ஸ் அடிக்கிறது எந்தக் காலத்துச் சம்பிரதாயம்?

முக்கியமா ஒண்ணு சொல்லணும். பொண்ணோ பையனோ கல்யாணம் நெருங்கும்போது சாப்பிடாம, தூங்காம இருந்தா 'எல்லாருக்கும் இருக்கிறதுதான், சரியாயிரும்'னு தட்டிக்கொடுக்கிறோம், இல்லைன்னா கண்ணு பட்டிருச்சுன்னு திருஷ்டி சுத்துறோம். சில சமயம் அந்தப் பயத்துல நியாயம் இருக்கும். மாப்பிள்ளை போன்ல பேசின விதம், 'வேலையை விட்டுரு'ன்னு சொன்ன வார்த்தை, பொண்ணு மனசுல வேற ஒருத்தர், எதுவா வேணும்னாலும் இருக்கலாம். மண்டபத்துக்கு அட்வான்ஸ் கொடுத்தாச்சு, பத்திரிகை அடிச்சாச்சுன்னு யாரும் காதுல வாங்க மாட்டேங்குறாங்க. அட்வான்ஸ் போனா ஒரு தேங்காய் வெட்டு போச்சு, 45 நாள்ல அடுத்த வெட்டு வந்துரும். பிடிக்காத வீட்டுக்கு அனுப்பின பொண்ணை எத்தனை வெட்டு போட்டு மீட்பீங்க? வீட்டுக்கு ஒரு பெரிய மனுஷி, அத்தையோ சித்தியோ, தனியா கூட்டிட்டுப் போய், "ஆத்தா, உனக்கு இதுல முழுச் சம்மதம்தானா?"ன்னு கேட்கணும். கேட்டுட்டு, வர்ற பதில் எதுவா இருந்தாலும் தாங்கணும்.

உண்மையிலேயே நெஞ்சு படபடப்பு, வாரக்கணக்கில தூக்கமின்மைன்னா அது வைத்தியம் பார்க்க வேண்டிய விஷயம். மாவட்ட அரசு மருத்துவமனையில மனநல டாக்டர் இருக்காங்க. 14416க்குப் போன் பண்ணினா டெலி மனஸ்ல தமிழ்லயே பேசுறாங்க, காசு கிடையாது. அங்க சொல்லிக்கொடுக்கிற மூச்சுப் பயிற்சியைத் தாராளமா செய்யுங்க. நான் சண்டை போடுறது, கடனையும் சம்மதமில்லாததையும் மூச்சுக்குள்ள அமுக்கப் பார்க்கிறவங்களோடதான்.

ஊர் பேசுமேன்னு ஒரு கேள்வி மிச்சம் இருக்கு. பேசும். பாயசத்துல முந்திரி கம்மின்னும் பேசும், பத்திரிகையில மூத்த மாமன் பேரு ரெண்டாவதா வந்திருச்சுன்னும் பேசும். வைகாசியில பேச ஆரம்பிச்சா ஆனி முகூர்த்தத்துல அடுத்த வீட்டுப் பாயசம் வந்துரும்.