கொடையல்ல, கூலி!

கிராஜுவிட்டிக்குத் தமிழில் 'பணிக்கொடை' என்று பெயர் வைத்துவிட்டார்கள். கொடை என்றால் கொடுப்பவன் மனம் இரங்கித் தருவது. பெயரில் உள்ள இந்தப் பிழை நிர்வாகங்களின் நெஞ்சிலும் குடியிருக்கிறது. முப்பது ஆண்டுகள் உழைத்தவர் தம் பணத்தைக் கேட்டுப் போனால், யாசகத்துக்கு வந்தவரைப் போல வாசலில் நிறுத்துகிறார்கள்!

சட்டம் சொல்வது வேறு. ஐந்தாண்டுகள் தொடர்ந்து பணிபுரிந்தவருக்கு ஆண்டுக்கு 15 நாள் ஊதியம் என்று 1972-ஆம் ஆண்டின் சட்டம் உரிமை வகுத்தது. மாத ஊதியத்தை 30-ஆல் அல்ல, 26-ஆல் வகுத்தே நாள் ஊதியம் காண வேண்டும் என்பதற்கே 1984-இல் உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. தாமதத்துக்கு வட்டி என்ற விதி 1987-ஆம் ஆண்டின் திருத்தத்தில்தான் வந்தது. 2025 நவம்பர் 21 முதல் அச்சட்டத்தின் இடத்தைச் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம் எடுத்துக்கொண்டது. 15 நாள் கணக்கும் 30 நாள் கெடுவும் அதிலும் உள்ளன. கணக்கில் சேரும் கடைசி மாத ஊதியம் 26,000 ரூபாய், பணிக்காலம் 30 ஆண்டுகள் என்றால், சேர வேண்டியது 4,50,000 ரூபாய்.

ஓய்வூதியமும் பணிக்கொடையும் பிச்சையல்ல, உழைத்துச் சேர்த்த சொத்து. சட்டத்தின் ஆதாரமின்றி அவற்றைப் பறிக்க முடியாது என்று 2013-இல் ஜார்க்கண்ட் அரசு தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. பிறகும் வழக்குகள் ஏன்?

காலம் கடத்தத்தான்! அதிகாரி தொழிலாளிக்குச் சாதகமாக உத்தரவிட்டால் மேல்முறையீடு, அங்கும் தோற்றால் உயர் நீதிமன்றம், பிறகு டில்லி. நிர்வாகத்தின் வக்கீலுக்கு நிறுவனத்தின் பணம். கிழவரின் வக்கீலுக்கு மனைவியின் தாலிக்கொடி. நம்மைப் போல் பிழைக்க வந்தவர்களுக்கு இந்தச் சுமை இரட்டிப்பு. குவார்ட்டர்ஸைக் காலி செய்து ஊர் திரும்பியவர், ஒவ்வொரு வாய்தாவுக்கும் திருநெல்வேலியிலிருந்து ரயிலேறி வர வேண்டும். தீர்ப்பு வரும்போது அவர் இருப்பாரா என்பதே கேள்வி.

நம்மவர்களுக்கும் ஒரு வார்த்தை. 'பணம் வரட்டும், பிறகு காலி செய்கிறேன்' என்று குவார்ட்டர்ஸில் தங்கிவிடுவது ஆபத்து. உருக்காலை ஊழியர் ஒருவரின் வழக்கில், அப்படித் தங்கியதற்கான அபராத வாடகையைப் பணிக்கொடையில் கழிக்கலாம் என்று 2020-இல் உச்ச நீதிமன்றமே கூறியிருக்கிறது. ஓய்வு பெறுமுன்பே எழுத்தில் விண்ணப்பியுங்கள். பெற்றுக்கொண்டதாக முத்திரையிட்ட நகலை வாங்கி வையுங்கள். வாரிசுதாரர் பெயர் சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். பணம் கைக்கு வராமல் 'முழுவதும் பெற்றேன்' என்று கையெழுத்திடாதீர்கள்.

அரசிடம் நாம் கேட்பது மூன்று. தகராறு எந்தத் தொகையில் இருக்கிறதோ அதைத் தவிர்த்து மீதியை 30 நாளில் கொடுக்கச் செய்யுங்கள். மேல்முறையீட்டுக்காக நிர்வாகம் கட்டும் பணத்தை, உறுதிமொழி பெற்றுக்கொண்டு தொழிலாளியிடம் கொடுங்கள். மேல்முறையீடுகளை ஆறு மாதத்தில் முடியுங்கள்.

சலுகை கேட்கவில்லை. வியர்வை உலர்ந்து ஆண்டுகள் பல ஆன பிறகும் கொடுக்கப்படாத கூலியைக் கேட்கிறோம்.