கத்தரியைக் கீழே வையுங்க!

குட்டீஸ்... உடன்குடி பக்கம் போனால், மொட்டைப் பனைகளைக் கொஞ்சம் அண்ணாந்து பாருங்க. பட்டுப்போன பனையின் பொந்துக்குள் இருந்து பச்சைக்கிளி தலையை நீட்டும். அதற்கு யார் நகம் வெட்டி விடுகின்றனர்? சொரசொரப்பான மரத்தைப் பற்றி ஏறி இறங்குவதிலேயே தேய்ந்து விடுகிறது!

உங்கள் வீட்டுக் கூண்டில், 'லவ் பேர்ட்ஸ்' என்று வாங்கி வந்தீர்களே... அது ஆஸ்திரேலியாவைச் சேர்ந்த பட்ஜெரிகர். அதன் நகம் மட்டும் கொக்கி மாதிரி வளைவது ஏன்? உட்கார நாம் கொடுத்தது வழவழப்பான பிளாஸ்டிக் குச்சி. தப்பு நம்முடையது, தண்டனை பறவைக்கா?

துண்டைப் போட்டு அமுக்கி, நகவெட்டியால் 'சடக்'கென்று வெட்டுவதை வீரம் என்று சிலர் நினைக்கின்றனர். எனக்கு அது பிடிக்கவில்லை. காரணம் இருக்கிறது. பறவைக்கு நம்மைப் போல உதரவிதானம் கிடையாது. நெஞ்சுக்கூட்டை விரித்துச் சுருக்கித்தான் மூச்சு விடும். அங்கே இறுக்கிப் பிடித்தால் மூச்சு முட்டி செத்தே போகலாம். நகத்துக்குள் ரத்தக் குழாயும் ஓடுகிறது. வெளிர் நகத்தில் இளஞ்சிவப்பாகத் தெரியும். கறுப்பு நகத்தில் தெரியவே தெரியாது. முப்பது, நாற்பது கிராம் எடையுள்ள அந்தக் குட்டி உடம்பில் இருக்கும் மொத்த ரத்தம், ஒரு டீஸ்பூன்கூட நிறையாது. சில சொட்டு போனாலே ஆபத்துதான்.

அப்புறம் என்ன செய்வது? மருந்து அடிக்காத கொய்யா, வேப்பங் கிளைகளைக் கழுவிக் காயவைத்து, பட்டையோடு கூண்டில் கட்டுங்க. ஒன்று தடிமனாக, ஒன்று மெல்லியதாக இருக்கட்டும். குச்சிக்கு மாட்ட, உப்புத்தாள் உறை விற்கிறார்கள், வேண்டாம். நகம் தேயுமோ இல்லையோ, உள்ளங்கால் புண்ணாகி விடும்.

கிளை வைத்தும் நகமும் அலகும் தாறுமாறாக வளர்கிறதா? ஈரலில் நோய் இருந்தாலும் அப்படி ஆகும். அப்பாவிடம் சொல்லி, கால்நடை மருத்துவரிடம் காட்டுங்க.

வீட்டுப் பச்சைக்கிளிக்கு நகம் வெட்டலாமா என்று கேட்காதீங்க. அதை வளர்ப்பதே, 1972ம் ஆண்டு வனவிலங்கு பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். 2024 ஏப்ரலில், கடலூரில் ஒரு கிளி ஜோசியரை வனத்துறையினர் பிடித்தனரே... அது இதற்காகத்தான். வீட்டில் இருந்தால், வனத்துறையிடம் ஒப்படைக்கச் சொல்லுங்க.

நுனி மட்டும் கூர்மையாக இருந்தால், நகம் தேய்க்கும் அரம் போதும். அதையும் பெரியவங்கதான் செய்யணும். முதலில் சில நாட்கள், தினை கொடுத்தபடி அரத்தை அருகில் காட்டிப் பழக்கட்டும். பிறகு நாளைக்கு ஒரு நகம். கடிக்க வந்தால், 'பயமா இருக்கு' என்று அர்த்தம். அன்றைக்கு விட்டு விடணும். தவறி ரத்தம் வந்தால், கார்ன்ஃப்ளார் மாவை நகநுனியில் வைத்து மெதுவாக அழுத்தணும். சில நிமிடத்தில் நிற்காவிட்டால், உடனே டாக்டரிடம் ஓடணும்!