பெல் வைத்த சைக்கிள்

தாமிரபரணிக் கரையோரக் கிராமம் ஒன்றில் கள ஆய்வுக்காகத் தங்கியிருந்தபோது, ஒன்பதாம் வகுப்புத் தலித் மாணவி ஒருத்தி சொன்னாள்: “எனக்குன்னு ஒரு சைக்கிள் வேணும்க்கா. பெல்லு வச்சது.” அண்ணன் சைக்கிளில் குரங்குப் பெடல் போட்டுப் பழகியவள். பள்ளிக்கூடம் மூன்று கிலோமீட்டர். ரோடு ஊர்த்தெரு வழியாகப் போகிறது. அவளுடைய அம்மா குறுக்கிட்டார்: “வாய்க்கால் கரையோட சுத்திப் போனாப் போதும். தெருவுல பெல்லடிச்சா, ‘எங்களையே ஒதுங்கச் சொல்லுதியா’ம்பாவ.”

இந்த அச்சம் மிகையானதல்ல. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 2015ஆம் ஆண்டுத் திருத்தம், பொது இடத்தில் தலித்துகள் சைக்கிள், மோட்டார் சைக்கிள் ஓட்டுவதைத் தடுப்பதைக் குற்றமாகப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. செருப்பும் புத்தாடையும் அதே பிரிவில்தான் வருகின்றன. நடக்காத ஒன்றையா சட்டம் இப்படிப் பட்டியலிடும்? 2025 பிப்ரவரியில் சிவகங்கை மாவட்டத்தில் புல்லட் ஓட்டியதற்காகவே தலித் மாணவர் ஒருவரின் கைகள் வெட்டப்பட்டதாகப் புகார் எழுந்தது. பேருந்தில் போனால் மட்டும் பாதுகாப்பா? அடுத்த மாதமே ஸ்ரீவைகுண்டம் அருகே, தேர்வெழுதப் பேருந்தில் போன தலித் மாணவரைக் கீழே இழுத்து வெட்டினார்கள். அவரது விரல்கள் துண்டாயின.

அரசு சைக்கிள் தராமல் இல்லை. 2001-02இல் ஆதிதிராவிடர், பழங்குடி மாணவிகளுக்கெனத் தொடங்கிய விலையில்லா சைக்கிள் திட்டம்தான் பிறகு மற்றவர்களுக்கும் விரிந்தது. வரவேற்கத்தக்க திட்டம். ஆனால் சைக்கிள் கைக்கு வருவது பதினொன்றாம் வகுப்பில். எட்டாம் வகுப்போடு உள்ளூர்ப் பள்ளி முடிந்துவிடும் பிள்ளைகள் அதற்கு முன்பே வெளியூர் நடக்க வேண்டியிருக்கிறது.

சைக்கிள் வந்துவிட்டால் சாதி இறங்கிவிடுமா? இல்லை. 2023இல் நாங்குநேரியில் தலித் மாணவரும் அவருடைய தங்கையும் வீட்டுக்குள்ளேயே வெட்டப்பட்ட பிறகு அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு, சாதி அடையாள வண்ணம் பூசிய சைக்கிளில் மாணவர்கள் வரக் கூடாது என்று பரிந்துரைக்க வேண்டியிருந்தது. சைக்கிளுக்கும் சாதி பூசுகிற சமூகம் இது.

எனவே கோரிக்கை இரண்டு. ஒன்று, ஒன்பதாம் வகுப்பிலேயே சைக்கிள் கொடுங்கள். இரண்டு, அந்தச் சைக்கிள் எந்தத் தெரு வழியாகப் போகிறது என்று பாருங்கள். வாய்க்கால் கரையில் சுற்றிப் போகும் பிள்ளைகள் இருக்கிறார்களா என்று தலைமையாசிரியரும் வருவாய்த் துறையும் காவல் துறையும் விசாரிக்கட்டும். தடுப்பவர் மீது இருக்கிற சட்டத்தைப் பயன்படுத்தட்டும்.

அந்தப் பெண் கேட்டது சலுகை அல்ல. பொதுச் சாலையில் பெல்லடித்துப் போகும் உரிமை.