பளிக்கறையைத் தொழில்நுட்பமாகச் சுருக்க வேண்டாம்

பழந்தமிழ்க் காப்பியங்களில் வரும் வியத்தகு பொருள்களை ‘முன்னோர் கண்ட அறிவியல்’ என்று விளக்கும் போக்கு, முகநூல் பதிவுகளிலிருந்து ஆய்வேட்டுத் தலைப்புகள் வரை பரவியுள்ளது. அதனால் இலக்கியக் கல்விக்கு நேரும் இழப்பை மணிமேகலையின் பளிக்கறையை முன்வைத்து எடுத்துரைப்பதே இப்பதிவின் நோக்கம்.

உ.வே.சாமிநாதையர் 1898-இல் பதிப்பித்த இக்காப்பியத்தின் மலர்வனம் புக்க காதையில், புகார் நகரத்து உவவனத்தில் நிற்கும் பளிங்கு மண்டபத்தைச் சுதமதி மாதவிக்கு விவரிக்கிறாள். உள்ளிருப்போரின் உருவத்தை அந்த மண்டபம் வெளியே காட்டும். குரலை வெளியே விடாது. உள்ளே ஒளிவிடும் மணியாலான தாமரைப் பீடிகை ஒன்று உண்டு. அதில் இட்ட அரும்பு மலரும்; மலர்ந்தது வாடாது; வண்டு மொய்க்காது. ஒரு தெய்வத்தை நினைத்து இட்ட மலர் அத்தெய்வத்தின் அடியைச் சேரும். நினையாது இட்டது அங்கேயே கிடக்கும். இதனைச் செய்தவன் மயன்.

‘ஒலிபுகாக் கண்ணாடியைத் தமிழர் அன்றே அறிந்திருந்தனர்’ என்று இதற்குப் பொருள் கூறுவது எளிது. ஆனால் அவ்வாறு கூறுவோர் சுவரோடு நின்றுவிடுகின்றனர், பீடிகையைத் தொடுவதில்லை. வாடாத மலருக்கு எந்தத் தொழில்நுட்பத்தைச் சான்று காட்டுவது?

பீடிகையின் நோக்கத்தைச் சாத்தனாரே சொல்லிவிடுகிறார். எண்ணம் இல்லாவிடினும் செயல் தன் பயனைத் தரும் என்பது ஒரு தரப்பு; எண்ணமின்றிச் செய்த செயலுக்குப் பயனில்லை என்பது மறுதரப்பு. முதல் தரப்பினர் வருந்தவும், இரண்டாம் தரப்பினருக்கு ஏதுவாகவும் அப்பீடிகை இயற்றப்பட்டது என்கிறது காப்பியம். ‘ஏது’ என்பது தருக்க நூலார் ஆளும் சொல். வினைக்கோட்பாடு பற்றிய சமய வாதத்தைக் கண்ணெதிரே தீர்த்துக்காட்டும் சிந்தனைச் சோதனையாகவே இக்கற்பனை மணி அமைந்திருக்கிறது.

சுவரின் பண்பும் காரணமின்றி வரவில்லை. உதயகுமரன் தேடி வருகையில் மணிமேகலை பளிக்கறைக்குள் ஒளிகிறாள். வெளியே நிற்கும் சுதமதி, உடம்பு வினையால் வந்தது, வினைக்கு இடமானது, மூப்புக்கும் பிணிக்கும் உரியது என்று அவனுக்கு உரைக்கிறாள். அந்த அறிவுரையை அடுத்தே பளிங்கினூடே மணிமேகலையின் உருவம் அவனுக்குத் தோன்றுகிறது. அவளது உடம்பு மட்டுமே அவனை எட்டுகிறது; குரல் எட்டவில்லை. அவன் அகன்ற பின்னரே, தன்னை இகழ்ந்துரைத்தான் என்று அறிந்தும் தன் நெஞ்சு அவன்பின் சென்றதை அவள் சுதமதியிடம் வெளியிடுகிறாள். உருவத்தைக் காட்டிக் குரலை மறைக்கும் சுவர் இல்லையெனில் இக்காட்சி இத்தனை கூர்மை பெற்றிருக்காது.

கற்பனைப் பொருளுக்கு வரம்பு வேண்டும் என்பதை இன்றைய கதைசொல்லிகளும் அறிவர். 1943-இல் வானொலித் தொடரில் அறிமுகமான கிரிப்டோனைட், எவராலும் வெல்லவியலாத சூப்பர்மேனுக்கு ஒரு நலிவைத் தந்து கதையை நகர்த்தியது. அந்தப் படிகத்தை எந்த வேதியியலாரும் கண்டறிந்ததாக நாம் வாதிடுவதில்லை. கதையில் அதன் பணி என்ன என்றே கேட்கிறோம். சாத்தனாருக்கு மட்டும் அந்த வாசிப்பை ஏன் மறுக்கிறோம்?

கற்பனை உண்மையான தொழிலறிவிலிருந்து கிளைத்திருக்கலாமே என்று நண்பர்கள் வினவக்கூடும். கிளைத்திருக்கலாம். கொடுமணலிலும் அரிக்கமேட்டிலும் கிடைத்த மணிகள், தமிழகத்தில் படிகக்கல் அறுத்து மெருகேற்றப்பட்டதற்கும் கண்ணாடி மணிகள் செய்யப்பட்டதற்கும் சான்று பகர்கின்றன. அவ்வரலாற்றை அகழாய்வும் ஆய்வுக்கூடமும் நிறுவும். ஊடுருவிக் காணத்தக்க கல்லைக் கண்ட கவிஞர், உருவத்தை விட்டுக் குரலைத் தடுக்கும் கல்லை நோக்கி எடுத்துவைத்த அடி கற்பனையின் அடி. இலக்கிய மாணவர் ஆராய வேண்டியது அதனையே.

மும்பையில் இருந்து எழுதுவதால் இன்னொன்றையும் குறிப்பிட வேண்டும். இங்கு மாநகராட்சியின் தமிழ்வழிப் பள்ளிகளில் தொடங்கி, பின்னர் பிறமொழிக் கல்லூரிகளில் பயிலும் மாணவர்கள் பலர் மணிமேகலையை முதன்முதலாகக் கைப்பேசிப் பகிர்வுகளில்தான் சந்திக்கின்றனர். பெருமிதத்துக்காகச் சொல்லப்பட்ட ஒலிபுகாக் கண்ணாடியை ஓர் இயற்பியல் மாணவர் சில நிமிடங்களில் மறுத்துவிடுவார்; அதனுடன் காப்பியத்தையும் ஒதுக்கிவிடுவார். காப்பியம் எழுப்பிய வினா அவரை எட்டாமலே போகும்.

ஆய்வுத் தலைப்புத் தேடும் மாணவர்களுக்கு ஒரு பரிந்துரை. பளிக்கறை, பழம்பிறப்பை உணர்த்தும் மணிபல்லவப் பீடிகை, ஆதிரையிடம் முதற்பிச்சை ஏற்ற அமுதசுரபி ஆகியவற்றின் விதிகளை வரிசைப்படுத்துங்கள். ஒவ்வொரு விதியும் எந்த வாதத்துக்குத் துணைநிற்கிறது என்று மூலத்தைக் கொண்டு நிறுவுங்கள். தமிழில் புனைவும் தருக்கமும் எவ்வாறு இணைந்து இயங்கின என்பதை அவ்வாய்வு வெளிக்கொணரும். மாற்றுக் கருத்துடையோர் பாடல் அடிகளைச் சுட்டி மறுத்துரைத்தால் மகிழ்வேன்.

– பாண்டுப், மும்பை